கார்ட்டூன் அம்மாவின் கடைசி நிறுத்தம்

பதினாறு வருஷமாக எனக்கு வயது முப்பத்தெட்டு. வாரத்தில் இரண்டு நாள், காலை பத்து மணியிலிருந்து ஒரு மணி வரைக்கும் அப்படி. மற்ற நேரத்தில் ஐம்பத்தொன்று.

வாராவாரம் தொலைக்காட்சியில் வருகிற ஒரு கார்ட்டூன் குடும்பத்தில் அம்மாவுக்கு நான்தான் குரல். ஒரு அப்பா, மூன்று பிள்ளைகள், எதையாவது கடித்து வைக்கிற ஒரு நாய், ஒரு அம்மா. முதல் நாள் நான் மைக் முன்னால் போய் நின்றபோது எனக்கு முப்பத்தைந்து, அவளுக்கு முப்பத்தெட்டு. அவள் எனக்கு மூத்தவள். மூன்று வருஷத்தில் அவளை எட்டிப் பிடித்தேன். அப்புறம் நான் பாட்டுக்குத் தாண்டிப் போய்விட்டேன், அவள் அதே மஞ்சள் கவுனில் அதே சமையலறையில் நின்றுகொண்டிருக்கிறாள். அவளுடைய கடைக்குட்டி இன்னும் நடக்கவில்லை. பதினாறு வருஷமாகத் தவழ்கிறது. பெற்றவளுக்கு ஒரு கவலை வேண்டாமா? ஒருவரும் எழுதித் தரவில்லை, அதனால் அவளும் கவலைப்படவில்லை.

படத்தை வரைந்து வைத்துவிட்டு அதற்கு நாங்கள் குரல் கொடுக்கிறோம் என்றுதான் எல்லோரும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். எங்கள் இடத்தில் அது தலைகீழ். முதலில் குரல், அப்புறம்தான் படம். நான் மூச்சு வாங்கினால் அவள் தோள் ஏறி இறங்கும். நான் ஒரு வார்த்தையில் தயங்கினால் அவள் இமை ஒருமுறை கூடுதலாகக் கொட்டும். ஒரு தடவை ஜலதோஷத்தோடு போய்ப் பேசிவிட்டு வந்தேன். படம் வந்தபோது அவள் மூக்கு நுனி சிவந்திருந்தது. மேல் மாடியில் உட்கார்ந்து வரைகிறவர்களை எனக்கு முகம்கூடத் தெரியாது. என் சத்தத்தைக் கேட்டுக் கேட்டு அவளுக்கு உயிர் கொடுக்கிறார்கள். ஆக, அவள் உயிர் என் தொண்டையில் இருக்கிறது. இந்தத் திமிர் எனக்கு உண்டு, மறைக்கவில்லை.

ஒலிப்பதிவு அறைக்கு ஜன்னல் கிடையாது. சுவர் முழுக்கச் சாம்பல் நிறப் பஞ்சு. செருப்பை வாசலிலேயே கழற்றிவிட வேண்டும். சரசரக்கிற துணி உடுத்தக் கூடாது. உள்ளே போகுமுன் ஆளுக்கு ஒரு வாழைப்பழம் கட்டாயம், ஏனென்றால் வயிறு உருமினால் மைக் அதையும் விடாது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இயக்குநர் உட்கார்ந்திருப்பார். அவருக்கு நாங்கள் வைத்த பெயர் கடிகாரம். கழுத்தில் ஒரு நிறுத்துக் கடிகாரம் தொங்கும், 'சாப்பிட்டீங்களா' என்று கேட்பதைக்கூட இரண்டு வினாடிக்குள் முடித்துக்கொள்வார். அவர் பக்கத்தில் கதை எழுதுகிற பெண். அவள் பெயர் அரைப்பக்கம். எத்தனை பக்கம் எழுதச் சொன்னாலும் அரைப்பக்கம் குறைவாகத்தான் கொண்டுவருவாள்.

போன வருஷத்திலிருந்து அந்த முப்பத்தெட்டு வயதுக் குரல் என்னிடம் வருவதற்குத் தகராறு செய்தது. கூப்பிட்டால் வரும், ஆனால் பாதியில் நழுவிவிடும். தொண்டை டாக்டரிடம் போனேன். வாயைத் திறக்கச் சொல்லி விளக்கடித்துப் பார்த்தார்.

"நோயெல்லாம் ஒண்ணுமில்லைங்க. வயசுதான். சிலருக்கு இந்த வயசுல குரல் ஒரு படி இறங்கும்."

"திரும்ப ஏறுமா?"

"ஏறாது. பழகிடும்."

யாருக்குப் பழகிவிடும் என்று அவர் சொல்லவில்லை.

என் கணவருக்கு லிப்ட் ரிப்பேர் பார்க்கிற வேலை. நடந்ததைச் சொன்னதும் தலையைச் சொறிந்துகொண்டு, "லிப்டா இருந்தா ஏதாவது பண்ணியிருப்பேன்" என்றார். தங்கமான மனுஷர், ஆனால் அவரிடம் ஆறுதல் எதிர்பார்த்தால் இப்படித்தான் ஏதாவது கிடைக்கும்.

இந்தச் சமயம் பார்த்து அரைப்பக்கம் ஒரு கதையைக் கொண்டுவந்தாள். அம்மாவுக்கு நடுவயதுக் கிறுக்குப் பிடிக்கிறது. ஒருநாள் காலை கையில் முட்டையோடு அடுப்பு முன்னால் நிற்கிறாள், அதை எதற்கு எடுத்தோம் என்று மறந்துவிடுகிறது. முட்டையை மெதுவாக அப்பாவின் தொப்பிக்குள் வைத்துவிட்டுப் போகிறாள். தலைமுடியை ஒட்ட வெட்டிக்கொள்கிறாள். டிரம் வாசிக்கக் கற்கிறாள். வீட்டில் எல்லாம் தலைகீழாகிறது. அப்பா துணி துவைக்கப் போய் ஜன்னல் வழியாக நுரை பொங்குகிறது, நாய் கழுத்தில் டை கட்டிக்கொண்டு பள்ளிக்கூடம் போகிறது. அம்மா ஒரு பஸ்ஸில் ஏறிக் கடைசி நிறுத்தம் வரைக்கும் போகிறாள். அப்புறம் வழக்கம்போல் வீட்டுக்கு வந்துவிடுகிறாள். வராமல் எங்கே போவாள்? அடுத்த வாரமும் எபிசோடு வர வேண்டுமே.

படித்துக்கொண்டே வந்தவள் பத்தொன்பதாம் பக்கத்தில் நின்றேன். 'கடைசி நிறுத்தம். அம்மா இறங்குகிறாள். (இங்கே வேடிக்கையாக ஏதாவது.)' அதற்குக் கீழே வெறும் தாள். அடுத்த பக்கத்தில் அவள் வீட்டு வாசலில் நிற்கிறாள்.

"அங்க இறங்கி என்னதான் பண்றா இவ?" என்று கேட்டேன்.

"யோசிச்சுக்கிட்டே இருக்கேன்கா. வர மாட்டேங்குது. வீட்டை விட்டா அவ எங்க போவா, என்ன செய்வான்னு எனக்குத் தெரியலை."

எனக்கும் தெரியவில்லை. அவளை என்னைவிட நன்றாகத் தெரிந்த ஆள் உலகத்தில் கிடையாது என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

மற்றதெல்லாம் எப்படியோ பேசிவிட்டேன். கடைசி வரியில் மாட்டிக்கொண்டேன். வாசலில் நின்று அவள், "நான் வந்துட்டேன்! எல்லாரும் எங்க?" என்று கூவ வேண்டும். அந்த 'எங்க' மேலே மேலே போய் மணி மாதிரி நிற்க வேண்டும். பதினாறு வருஷமாக நான் நிறுத்திய மணி. அன்றைக்கு அது பாதி வழியில் பிசிறடித்துக்கொண்டு விழுந்தது. பதின்மூன்று தடவை விழுந்தது. பதினாலாவது தடவை சுமாராக வந்தது போலிருந்தது. கடிகாரம் கடிகாரத்தைப் பார்க்காமல் என் முகத்தைப் பார்த்தார்.

"போதும்மா. பார்த்துக்கலாம்."

எங்கள் தொழிலில் பார்த்துக்கலாம் என்றால் பிடிக்கவில்லை என்று அர்த்தம். வெளியே வந்ததும் உடைத்தே கேட்டேன். அவரும் உடைத்தே சொன்னார்.

"நிர்வாகத்துல கேக்கறாங்கம்மா. குரல் வயசாயிட்ட மாதிரி இருக்காம். இந்த எபிசோடைக் கேட்டுட்டுத்தான் அடுத்த வருஷம் நீங்களா வேற ஆளான்னு முடிவு பண்ணுவாங்களாம்."

வீட்டில் நான் பேசுவதில் பாதி யார் காதிலும் விழாது. கடையில் ஒன்றுக்கு இரண்டு தடவை சொல்ல வேண்டும். அந்தப் பஞ்சுச் சுவர் அறையில்தான் நான் மூச்சு விடுவதைக்கூட நாலு பேர் காதைத் தீட்டிக்கொண்டு கேட்கிறார்கள். அதையும் பிடுங்கிவிட்டால் எனக்கு என்ன மிச்சம்? பத்து நாள் சரியாகத் தூங்கவில்லை.

பதினோராம் நாள் போட்டுக் காட்டினார்கள். வண்ணம் இன்னும் ஏறாத பென்சில் படம், கோடுகள் நடுங்கிக்கொண்டே நடக்கும். பத்தொன்பதாம் பக்கம் வரவேண்டிய இடத்தில் வெறும் வெள்ளைத் திரை. அப்புறம் வாசல். பென்சில் அம்மா வாயைத் திறந்தாள். "நான் வந்துட்டேன்! எல்லாரும் எங்க?"

மணி. அசல் மணி. எங்கேயும் பிசிறில்லை. பதினாலாவது தடவையில் எனக்கே தெரியாமல் குரல் திரும்ப வந்திருக்கிறது! நான் எழுந்து நின்று கைதட்டிவிட்டேன். கடிகாரம் தரையைப் பார்த்தார். அவருக்குக் கூச்சம் என்று நினைத்தேன்.

அன்று மாலை வீட்டில் என் கால் தரையில் படவில்லை. தட்டு வைத்துக்கொண்டே சொன்னேன், ரொட்டி வெட்டிக்கொண்டே சொன்னேன். கணவர், "நான்தான் சொன்னேனே" என்றார், எதையும் சொல்லாதவர். எங்கள் ஒரே பெண், குட்டி என்று கூப்பிடுவோம், இருபத்துநாலு வயது, பல் டாக்டரிடம் வரவேற்பில் இருக்கிறாள். அவள் மட்டும் தட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"என்னடி, அம்மாவுக்குக் குரல் திரும்பிடுச்சுன்னு சொல்றேன், சந்தோஷப்பட மாட்டியா?"

"அம்மா," என்றாள். "அது நீ இல்லை."

"எது?"

"அந்தக் கடைசி வரி. அது நான்."

எங்கள் இரண்டு பேர் குரலும் ஒன்றுபோல இருக்கும் என்பது ஊருக்கே தெரியும். போனில் அவள் அப்பாவே ஏமாந்திருக்கிறார். ஆனால் எனக்குப் புரியவே கொஞ்ச நேரம் ஆனது. அவள் மெதுவாகச் சொன்னாள்.

"கடிகாரம் சார் போன் பண்ணாரும்மா. உனக்குத் தொண்டை சரியில்லை, ஒரே ஒரு வரிதான், அம்மாவுக்கு உதவியா இருக்கும்னு சொன்னாரு. போன வாரம் ஒரு மத்தியானம் கிளினிக்ல இருந்து போய்ப் பேசிட்டு வந்துட்டேன். அவரே உன்கிட்ட சொல்லிடுவாருன்னு நினைச்சேன்." தட்டைத் தள்ளி வைத்தாள். "அடுத்த வருஷத்துக்கும் என்னைக் கேட்டிருக்காங்க. நான் பதில் சொல்லலை."

எனக்குக் கோபம் வந்தால் வாய் முந்திக்கொள்ளும். "ஊரான் பல்லைப் பிடுங்கற இடத்துல உக்காந்திருக்கிறது போதலையா? பெத்தவ நாக்கையும் பிடுங்கணுமா?" என்று கேட்டுவிட்டேன்.

குட்டி எழுந்து அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். "ஏன் அப்படிச் சொன்ன?" என்றார் கணவர். "நீங்க போய் உங்க லிப்டைப் பாருங்க" என்றேன்.

இன்னொருத்தி பேசியதுகூட எனக்குப் பெரிதில்லை. அந்தக் குரலைக் கேட்டு, அது நான்தான் என்று நம்பி, எழுந்து நின்று கைதட்டினேனே, அதைத்தான் பொறுக்க முடியவில்லை. என் குரல் எனக்கே அடையாளம் தெரியவில்லை. அப்புறம் இன்னொன்று. பொறாமை. சொந்தப் பெண்ணைப் பார்த்துப் பொறாமை. இதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் அதுதான் நிஜம்.

மறுநாள் காலை கடிகாரத்தை உண்டு இல்லை என்று பண்ணிவிடுவது என்று கிளம்பினேன். பஸ்ஸில் உட்கார்ந்து சண்டையை ஒத்திகை பார்த்துக்கொண்டே போனேன். ஏழாவது நிறுத்தம் வந்தது. கண்ணாடி வழியாக எங்கள் கட்டடம் தெரிந்தது, ஒலிப்பதிவு அறை இருக்கிற மூன்றாவது மாடி தெரிந்தது. எழுந்திருக்க வேண்டும் என்று நினைத்தேன். கால் எழவில்லை. கதவு மூடிக்கொண்டது. பஸ் நகர்ந்தது. நானும் அதோடு நகர்ந்தேன்.

ஏழாவது நிறுத்தத்தைத் தாண்டி அந்தப் பஸ்ஸில் நான் போனதே இல்லை. ஒரு வீடு போனது, ஒரு மரம் போனது, கொடியில் ஒரு நீலப் போர்வை போனது. திரும்ப ஒரு வீடு, ஒரு மரம், ஒரு நீலப் போர்வை. கார்ட்டூனில் இப்படித்தான் செய்வார்கள். ஆள் ஓடும்போது பின்னால் ஒரே நீளப் படத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டுவார்கள், பார்க்கிறவர்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும், அதனால் எண்ணினேன். மூன்றாவது நீலப் போர்வைக்கு அப்புறம் எண்ணிக்கை தப்பிவிட்டது. ஆட்கள் ஒவ்வொருவராக இறங்கினார்கள். இறங்கியவர்கள் ஒருவரும் எங்கேயும் போன மாதிரி இல்லை, படத்தை விட்டு வெளியே போன மாதிரி இருந்தது. வெயில் இருக்கையின் மேல் சதுரமாக விழுந்து, நகர்ந்து, என் மடியில் ஏறி உட்கார்ந்துகொண்டது. என் கைகளைப் பார்த்தேன். சுற்றிலும் மெல்லிய கோடு போட்டு வரைந்தது போல அவ்வளவு தெளிவாக இருந்தன. யாரோ மேல் மாடியில் உட்கார்ந்து என்னை வரைந்துகொண்டிருக்கிறார்கள். அடுத்து நான் என்ன சொல்லப்போகிறேன் என்று காத்துக்கொண்டிருக்கிறார்கள். எனக்கோ சொல்ல ஒன்றுமே இல்லை.

கடைசி நிறுத்தம் எப்போது வந்தது என்று எனக்குத் தெரியாது. கண் சொருகியிருக்க வேண்டும். ஓட்டுநர் திரும்பிப் பார்க்காமல் இறங்கிப் போயிருக்கிறார். விழித்தபோது பஸ் ஒரு நீளமான கொட்டகைக்குள் தானாக ஊர்ந்துகொண்டிருந்தது. கீழே ஏதோ சங்கிலி இழுக்கிறது. ஜன்னல்களில் பட்டென்று தண்ணீர் அடித்தது.

பஸ்ஸைக் கழுவுகிறார்கள். என்னை உள்ளே வைத்து.

பயப்பட்டிருக்க வேண்டும். பயம் வரவில்லை. இரண்டு பக்கமும் ஆள் உயரப் பச்சைத் தூரிகைகள் சுழன்றுகொண்டு வந்தன. நுரை கண்ணாடியில் வழிந்தது. வெளிச்சம் பச்சையாக, அப்புறம் நீலமாக, அப்புறம் பால் வெள்ளையாக மாறியது. தரை, கூரை, காலி இருக்கைகள், நான், எல்லாம் நீருக்கடியில் மெதுவாகப் போய்க்கொண்டிருந்தோம். அந்த இரைச்சலில் நான் என்ன பேசினாலும் யாருக்கும் கேட்காது என்று தோன்றியது. அதனால் பேசிப் பார்த்தேன்.

"நான் வந்துட்டேன்! எல்லாரும் எங்க?"

பிசிறடித்து விழுந்தது. விழட்டும் என்று விட்டுவிட்டேன். கொஞ்ச நேரம் கழித்து, எங்கேயும் ஏற்றாமல், அதுவாக எப்படி வருகிறதோ அப்படி, "நான் வந்துட்டேன்" என்றேன்.

கனமான குரல். அடித்தொண்டையிலிருந்து, நிதானமாக, யாரிடமும் அனுமதி கேட்காமல் வந்தது. இவள் யார்? ஒரு வருஷமாக என் வாய்க்குள் வந்து நின்றுகொண்டிருக்கிறாள், நானோ பல்லைக் கடித்துக்கொண்டு இவளை வெளியே விடாமல் பிடித்து வைத்திருக்கிறேன். திரும்பச் சொன்னேன். திரும்பத் திரும்பச் சொன்னேன். அழுகை வந்தது, அழுதேன். பஸ்ஸே குளித்துக்கொண்டிருக்கும்போது எனக்கென்ன?

தண்ணீர் நின்றது. யாரோ கண்ணாடியைத் துடைப்பத்தின் பிடியால் தட்டினார்கள். வெளியே முழங்கால் வரைக்கும் ரப்பர் பூட்ஸ் போட்ட ஒரு பெண், என் வயதுதான் இருக்கும், வாயைப் பிளந்துகொண்டு நின்றாள்.

"யாருங்க அது உள்ள?"

கதவைத் திறந்து என்னை இறக்கினாள். ஒரு பிளாஸ்டிக் முக்காலியை இழுத்துப் போட்டாள்.

"எங்க போகணும் உங்களுக்கு?"

"தெரியலைங்க."

"அப்ப அவசரமில்லை. ஒண்ணு பத்துக்கு வண்டி திரும்பும். உக்காருங்க."

அவ்வளவுதான். என்ன ஆச்சு, வீட்டில் சண்டையா, உடம்பு சரியில்லையா என்று ஒரு கேள்வி கேட்கவில்லை. அவள் பாட்டுக்கு அடுத்த பஸ்ஸின் சக்கரத்தைத் தேய்த்தாள். கழுவிய பஸ்கள் வரிசையாக நின்று சொட்டிக்கொண்டிருந்தன. நடுவில் இரண்டு வார்த்தை பேசினோம். ஒருமுறை நிமிர்ந்து, "உங்க குரல் நல்லாருக்குங்க" என்றாள். "இந்த இரைச்சல்ல எல்லாரும் கத்துவாங்க, ஒண்ணும் புரியாது. நீங்க கத்தாமலே கேக்குது."

பதினாறு வருஷத்தில் யாரோ என்னிடம் என் குரலைப் பற்றிச் சொன்ன முதல் நல்ல வார்த்தை அது. மற்றவர்கள் சொன்னதெல்லாம் கார்ட்டூன் அம்மாவின் குரலைப் பற்றி.

ஒன்று பத்து வண்டியில் திரும்பி, ஏழாவது நிறுத்தத்தில் இறங்கினேன். என் முகத்தைப் பார்த்ததும் கடிகாரம் எழுந்து நின்றுவிட்டார். "அம்மா, நான் சொல்லியிருக்கணும், தப்புதான்" என்று ஆரம்பித்தார். திட்டு வாங்கத் தயாராக இருந்த மனுஷரைத் தாண்டிக்கொண்டு நேராக அரைப்பக்கத்திடம் போனேன்.

"பேனாவை எடு. பத்தொன்பதாம் பக்கம். அங்க பஸ்ஸைக் கழுவறாங்க. அவ உள்ளயே உக்காந்திருக்கா."

எல்லாவற்றையும் சொன்னேன், அழுததைத் தவிர. அரைப்பக்கம் குனிந்த தலை நிமிராமல் எழுதினாள். முதல் தடவையாகத் தாள் போதாமல் பின்பக்கம் திருப்பினாள். பூட்ஸ் போட்ட பெண்ணின் வசனங்கள் வந்தபோது, "இவளுக்கு யாரைப் பேச வைக்கிறது?" என்றாள்.

"நான் பேசறேன்."

"அப்ப அம்மாவுக்கு?"

பெயர் வாய் வரைக்கும் வந்துவிட்டது, வெளியே வர மறுத்தது. பெரிய மனசு, தியாகம் என்றெல்லாம் யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம். வலித்தது. எப்படியும் பிடுங்கத்தான் போகிறார்கள், அதற்குமுன் நானே கொடுத்துவிட்டால் கொடுத்தவள் என்ற பெயராவது மிஞ்சும் என்ற கெட்டிக்காரத்தனமும் அதில் இருந்தது. ஆனால் அந்தக் கொட்டகையில் கேட்ட குரலை இனிமேல் பூட்டி வைக்கவும் எனக்கு மனமில்லை.

"குட்டிக்குப் போன் போடுங்க" என்றேன் கடிகாரத்திடம். அவர் போட்டார். நான் வாங்கிக்கொண்டேன்.

"குட்டி, நேத்து சொன்னதுக்கு என்னை மன்னிச்சுடு. பொறாமைல சொன்னது. வேற ஒண்ணும் இல்லை."

அந்தப் பக்கம் பல் ராவுகிற சத்தம் மட்டும் கேட்டது. அப்புறம், "பேஷண்ட் இருக்காங்கம்மா" என்றாள், மூக்கை உறிஞ்சிக்கொண்டு.

"இருக்கட்டும். சனிக்கிழமை காலைல இங்க வா. நீதான் அவ."

"அம்மா, வேண்டாம். அது உன்னோடது."

"என்னோடதுதான். அதனாலதான் உனக்குத் தர முடியுது. வா."

சனிக்கிழமை இரண்டு மைக் போட்டிருந்தார்கள். குட்டி செருப்பைக் கழற்றினாள், வாழைப்பழத்தைப் பாதி தின்றுவிட்டு மீதியை என் கையில் திணித்தாள், சின்ன வயதில் செய்கிற மாதிரியே. நான் எதுவும் சொல்லிக் கொடுக்கவில்லை. சொல்லிக் கொடுக்க என்ன இருக்கிறது? பிறந்ததிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறாள். சிவப்பு விளக்கு எரிந்தது.

"யாருங்க அது உள்ள?" என்றேன், என் குரலில்.

"நான்... நான் இறங்க மறந்துட்டேங்க" என்றாள் அவள்.

கண்ணை மூடிக்கொண்டால் பக்கத்தில் நிற்பது என் பெண்ணே இல்லை. முப்பத்தெட்டு வயதில் நான் நிற்கிறேன். அந்த வயதில் எனக்கு இருந்த அவசரம், அந்தப் பதட்டம், எல்லாவற்றுக்கும் மன்னிப்புக் கேட்கிற மாதிரி வார்த்தையின் நுனி மேலே போவது, அப்படியே இருக்கிறது. நான் அதைப் பக்கத்தில் நின்று கேட்டதே இல்லை. எப்போதும் உள்ளே இருந்துதான் கேட்டிருக்கிறேன். பாவமாக இருந்தது. தோளில் கை போட்டுக்கொள்ள வேண்டும் போலிருந்தது.

"எங்க போகணும் உங்களுக்கு?"

"தெரியலைங்க. காலைல கையில ஒரு முட்டை இருந்துச்சு. எதுக்கு எடுத்தேன்னு தெரியலை."

"அப்ப அவசரமில்லை. உக்காருங்க."

காகிதத்தில் அடுத்த வசனம் அவளுடையது. அவள் கேட்டாள், மெதுவாக, நிஜமாகவே தெரிந்துகொள்ள வேண்டும் என்பது போல.

"நான் இல்லாம அவங்க என்ன பண்ணுவாங்க? என்னைத் தேடுவாங்களே?"

எனக்கு எழுதியிருந்தது இது: 'ஆமாம், தேடுவாங்க. சீக்கிரம் வீட்டுக்குப் போங்க.' கதை வாசலுக்குத் திரும்ப வேண்டும் அல்லவா, அதற்காக. அந்த வரியைப் பார்த்தேன். என் பக்கத்தில் நின்றவளைப் பார்த்தேன். இன்னும் பதினாலு வருஷத்தில் இவளுக்கு நிஜமாகவே முப்பத்தெட்டு. அன்றைக்கு இவள் எங்கேயாவது கையில் முட்டையோடு நிற்பாள், இதையே யாரிடமாவது கேட்பாள். சீக்கிரம் வீட்டுக்குப் போ என்று சொல்ல ஆயிரம் பேர் இருப்பார்கள்.

"தேடட்டும்" என்றேன்.

குட்டி காகிதத்திலிருந்து நிமிர்ந்தாள். என்னையே பார்த்தாள். அடுத்த வரி அவளுடையது, சொல்லவில்லை. அவள் உதடு துடித்தது, அழப்போகிறாள் என்று நினைத்தேன். சிரித்துவிட்டாள். அந்தக் குரலைக் கழற்றி வைக்க நேரமில்லாமல், அந்தக் குரலிலேயே, அடிவயிற்றிலிருந்து, மூச்சு முட்ட, நிறுத்த முடியாமல் சிரித்தாள்.

கடிகாரம் நிறுத்தச் சொல்லிக் கையைத் தூக்கினார். தூக்கிய கை அப்படியே நின்றது.

பதினாறு வருஷம் அவளுக்காக நான் பெருமூச்சு விட்டிருக்கிறேன். அதட்டியிருக்கிறேன், கெஞ்சியிருக்கிறேன், கூரையே பறக்கிற மாதிரி கூவியிருக்கிறேன். ஊரே சிரித்தது. அவள் ஒரு தடவைகூடச் சிரித்ததில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. யாரும் எழுதவில்லை. நானும் ஏன் என்று கேட்கவில்லை.

சிவப்பு விளக்கு அணைந்ததும் ஒலிபெருக்கியில் அரைப்பக்கம் பதறினாள்.

"அக்கா, இதை வெச்சுக்க முடியாதே! அவ சிரிக்கிற மாதிரி வரைஞ்சு வெச்ச வாய் ஒண்ணுகூட மேல் மாடியில கிடையாது. இதுவரைக்கும் யாரும் வரைஞ்சதே இல்லை."

குட்டி இன்னும் என் தோளைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள்.

"வரையட்டும்" என்றேன்.